எண் அழிந்த எலும்புகள்

மூன்று நாள் அடைமழைக்குப் பிறகு அன்றுதான் வெயில் அடித்தது. ஆபீஸ் விட்டதும் நேராக வந்த பஞ்சநாதன், மதாம் பெர்த்தியே வீட்டு மொட்டைமாடிக்கு ஏறினான். பழைய வேட்டி ஒன்று விரித்திருந்தது. அதன்மேல் நூற்றுப்பதினெட்டு எலும்புகள் வரிசையாகக் காய்ந்துகொண்டிருந்தன.

எல்லாம் பளிச்சென்று இருந்தன. ஒன்றை எடுத்துத் திருப்பிப் பார்த்தான். வைத்துவிட்டு இன்னொன்றை எடுத்தான். அப்புறம் நாலைந்தைச் சேர்த்து அள்ளிக் கண்ணுக்கு அருகே கொண்டுபோனான். எதிலும் எண் இல்லை.

"அக்கா! குஞ்சம்மாக்கா!"

கீழே சமையலறையிலிருந்து குஞ்சம்மாள் புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டு ஏறி வந்தாள். முகத்தில் சிரிப்பு இருந்தது. பாராட்டு வாங்க வந்தவளைப்போல நின்றாள்.

"பாத்தியா தம்பி, எப்டி ஆயிடுச்சின்னு? ராத்திரி மழையில மேல ஒழுகி, சுண்ணாம்புத் தண்ணி பூரா அந்தத் தட்டுல எறங்கியிருந்துச்சி. எறும்பு வேற. அப்டியே வுட்டா மதாம் வந்து இன்னா சொல்லும்? சீயக்காத் தண்ணில ஊறவச்சி, பழந்துணியால ஒவ்வொண்ணா தொடச்சேன். காலையில புடிச்ச வேலை."

பஞ்சநாதன் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான்.

"இன்னா தம்பி? ஒடம்பு சரியில்லையா?"

"எண்ணு இருந்துச்சேக்கா. ஒவ்வொரு எலும்புலயும் மையால எழுதியிருந்தேனே."

"மையா? ஏதோ நீலமா ஓரத்துல இருந்துச்சி. அழுக்குன்னு..." அவள் பாதியில் நிறுத்தினாள்.

"அழுக்கா! ஆறு மாசமா நான் பண்ண வேலை ஒனக்கு அழுக்கா தெரிஞ்சுதா? கேக்கத் தோணலியா?"

குஞ்சம்மாளுக்குக் கண் கலங்கியது. ஆனால் அவள் சும்மா இருக்கிறவள் இல்லை. "நீ சொன்னியா? எலும்புமேல எழுதி வச்சிருக்கேன், தண்ணி படக்கூடாதுன்னு ஒரு வார்த்தை எங்கிட்ட சொன்னியா? எனக்குப் படிக்கத் தெரியாதுன்னு ஒனக்குத் தெரியாதா?" என்று கேட்டுவிட்டு விடுவிடுவென்று இறங்கிப் போனாள்.

அவள் கேட்டது நியாயம். அதுதான் அவனுக்கு இன்னும் சுட்டது.

பஞ்சநாதனுக்கு அப்போது முப்பத்திரண்டு வயது. ஊர் உழவர்கரை. அப்பா நெல்லும் கரும்பும் பயிரிடுகிறவர். பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் பிரெவே பரீட்சை பாஸ் பண்ணி, பிரெஞ்சுக்காரன் காலத்திலேயே மராமத்து ஆபீசில் வரைபடம் போடுகிற வேலைக்குச் சேர்ந்தவன். அன்றைக்குத் தெசினாத்தேர் என்றார்கள். ஐம்பத்துநாலில் ஆட்சி கைமாறியதும் அதே நாற்காலியில் உட்கார்ந்தபடியே டிராஃப்ட்ஸ்மேன் ஆனான். கோடு போடுவதில் அவன் கை நடுங்காது என்று ஆபீசில் பெயர். அந்தப் பெயரைக் கேள்விப்பட்டுத்தான் மதாம் பெர்த்தியே அவனைக் கூப்பிட்டனுப்பினார்.

மதாம் நாற்பத்தெட்டாம் வருஷம் காலேஜில் பாடம் சொல்லிக்கொடுக்கப் புதுச்சேரி வந்தவர். வரும்போது துணிமணியைவிட அதிகமாகப் பெட்டிகளைக் கொண்டுவந்தார். எல்லாவற்றிலும் எலும்பு. பிரான்சின் வடக்கே ஒரு ஆற்றங்கரையில், இரண்டாம் உலகச் சண்டைக்கு முன்னால், அவருடைய கணவர் எத்தியென் பெர்த்தியே மூன்று கோடைக்காலம் தோண்டி எடுத்தது. பன்னிரண்டாயிரம் வருஷத்துக்கு முந்திய துருவமான்களின் எலும்புகள், அவற்றை வேட்டையாடித் தின்ற மனிதர்கள் போட்டுவிட்டுப் போனவை. எத்தியென் சண்டையில் செத்துப்போனார். எழுதவேண்டிய அறிக்கை எழுதப்படவில்லை. அதை எழுதி முடித்து, எலும்புகளைப் பாரீஸ் மியூசியத்துக்கு அனுப்பிவிட வேண்டும் என்பதுதான் மதாமுக்கு இருந்த ஒரே கவலை. கண்ணில் புரை விழுந்ததால் தானே வரைய முடியவில்லை. அதற்குத்தான் பஞ்சநாதன்.

ஆரம்பத்தில் அவனுக்கு இது என்ன வேலை என்றுதான் இருந்தது. எலும்பைத் தொட்டுவிட்டு வீட்டுக்குப் போனால் அம்மா கிணற்றடியிலேயே நிறுத்திக் குளிக்கச் சொன்னாள். ஆனால் மழைபெய்த சாயங்காலங்களில் மதாம் பேச ஆரம்பிப்பார். அந்தக் காலத்தில் அங்கே மரமே கிடையாது, புல்லும் பாசியும் பனியும்தான் என்பார். இலையுதிர் காலத்தில் வடக்கேயிருந்து மான்கூட்டம் இறங்கும். நூறு இருநூறு இல்லை, ஆயிரக்கணக்கில். நடக்கும்போது ஒவ்வொரு காலிலும் நரம்பு சொடுக்குப் போட்டதுபோல் 'டக் டக்' என்று சத்தம் கேட்கும். கூட்டம் கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே அந்தச் சத்தம் வந்துவிடும். ஆறு குறுகிய இடமாகப் பார்த்து அவை நீந்தும். மனிதர்கள் அங்கே காத்திருப்பார்கள். தண்ணீரில் மானால் ஓட முடியாதே.

கேட்டுக்கேட்டு அந்த ஆற்றங்கரை பஞ்சநாதனுக்கும் பழகிவிட்டது. அங்கே மூன்று இடத்தில் நெருப்பு மூட்டி எரித்த அடையாளம் இருந்தது. மதாம் அவற்றை அடுப்பு என்றார். முதல் அடுப்பைச் சுற்றிக் கிடந்தவை, இரண்டாவதைச் சுற்றிக் கிடந்தவை, மூன்றாவதைச் சுற்றிக் கிடந்தவை என்று எலும்புகளுக்கு எண். '1-22' என்றால் முதல் அடுப்பின் இருபத்திரண்டாவது எலும்பு. எந்த எலும்பு எந்த அடுப்பைச் சேர்ந்தது என்று தெரியாவிட்டால், அது வெறும் எலும்பு. கசாப்புக்கடை வாசலில் கிடப்பதற்கும் அதற்கும் வித்தியாசமில்லை.

அந்த எண்கள் முன்பு காகிதத் துண்டில் எழுதி ஒட்டப்பட்டிருந்தன. புதுச்சேரிக் காற்றின் ஈரத்தில் பசை விட்டது, ராமபாணப் பூச்சி காகிதத்தைத் தின்றது. அதனால் எண்ணை எலும்பின்மேலேயே தண்ணீரில் கரையாத சீனா மையால் எழுதி, மேலே வார்னிஷ் பூசச் சொல்லிவிட்டு மதாம் கண் ஆபரேஷனுக்காகப் பாரீஸ் போனார். விலா எலும்புத் தட்டை முடித்தான். தாடை, கொம்புத் தட்டை முடித்தான். கால் எலும்புத் தட்டுக்கு வரும்போது சீனா மை தீர்ந்துபோயிருந்தது. ஆபீசில் எழுதுகிற சாதாரண நீல மையைத் தொட்டு எழுதினான். வார்னிஷும் தீர்ந்திருந்தது. அடுத்த வாரம் வாங்கிக்கொள்ளலாம் என்று விட்டான். அடுத்த வாரமும் விட்டான். பூச்சி அரித்த காகிதத் துண்டுகளைக் குப்பையில் போட்டாகிவிட்டது.

மூன்று அடுப்பின் கால் எலும்புகளும் ஒரே தட்டில் கலந்து கிடந்தன. எண் ஒன்றுதான் அவற்றைப் பிரித்து வைத்திருந்தது.

மதாம் வர இன்னும் பன்னிரண்டு நாள்.

அன்று அவன் எலும்புகளைத் தட்டில் அள்ளி உள்ளே கொண்டுபோய் வைத்தான். மேசை முன்னால் உட்கார்ந்தான். ஒரு யோசனை வந்தது. எத்தியென் எழுதிய பதிவு நோட்டில் எண்கள் இருக்கின்றன. அவற்றை ஏதோ ஒரு வரிசையில் இந்த எலும்புகளில் எழுதிவிட்டால் யாருக்குத் தெரியும்? மதாமின் கண் எப்படித் தேறியிருக்கிறதோ. மியூசியத்துக்காரன் எண்ணைப் பார்ப்பான், நோட்டைப் பார்ப்பான், சரி என்பான். பேனாவைத் தொட்டு ஒரு எலும்பை எடுத்து '2-14' என்று எழுதினான். அழகாகத்தான் இருந்தது. எழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். விரலை எச்சிலில் நனைத்து அதை அழித்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டான். சாப்பாடு இறங்கவில்லை. அம்மா எண்ணெய் தேய்த்துக் குளிக்கச் சொன்னாள்.

மறுநாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டுக் காலையிலேயே வந்தான். குஞ்சம்மாளுக்கு இன்னும் கோபம் தீரவில்லை. காப்பி டம்ளரை மேசை ஓரத்தில் வைத்துவிட்டுத் திரும்பினாள். எதற்கோ மேசையில் கிடந்த வரைதாளைத் தள்ளிவைக்கப்போன பஞ்சநாதனின் கை அப்படியே நின்றது.

அவனே வரைந்த படம். ஒரு முன்னங்கால் எலும்பு, அசல் அளவில், முன்பக்கமும் பின்பக்கமும். கல்கத்தி பட்ட கீறல் மூன்று, ஒரு வெடிப்பு, நுனியில் சிறு பள்ளம். கீழே '2-31'.

தட்டை இழுத்தான். ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தான். பதினேழாவது எலும்பில் அதே மூன்று கீறல் இருந்தது. மூன்றாவது கீறல் மட்டும் கொஞ்சம் சாய்ந்து, படத்தில் இருப்பதுபோலவே. வெடிப்பும் இருந்தது. பள்ளமும் இருந்தது. படத்தின்மேல் எலும்பை வைத்தான். ஒரு மயிரிழை கூடவில்லை, குறையவில்லை.

"அக்கா!" என்று கத்தினான்.

குஞ்சம்மாள் பயந்துபோய்த் திரும்பினாள்.

"இங்க பாரு. இந்தப் படமும் இந்த எலும்பும் ஒண்ணுதானே? சொல்லு, ஒண்ணுதானே?"

அவள் குனிந்து பார்த்தாள். படத்தைப் பார்த்தாள், எலும்பைப் பார்த்தாள். "ஒண்ணுதான். இதோ வெட்டு, இதோ வெட்டு. யாரு வரைஞ்சது, நீயா? மச்சத்தைக்கூட வுடாம வரைஞ்சிருக்கியே தம்பி."

அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நேற்று சாயங்காலத்துக்கு அப்புறம் அப்போதுதான் ஒழுங்காக மூச்சு விட்டான். நூற்றுப்பதினெட்டில் எண்பத்துமூன்றை வரைந்து முடித்திருந்தான். எண்பத்துமூன்றும் பிழைத்தன.

"நேத்து உங்கிட்ட கத்திட்டேன்கா. தப்பு என்னுதுதான். வார்னிஷ் பூசியிருக்கணும்."

"அது கெடக்கட்டும். மீதிய தேடுவோம் வா."

குஞ்சம்மாள் வைத்திக்குப்பத்துக்காரி. மதாம் வீட்டுச் சமையலுக்கு வருவதற்கு முன்னால் இருபது வருஷம் கரையில் மீன் பிரித்து விற்றவள். பெரிய வலை கரையேறினால் நூறு தினுசு மீன் ஒன்றாகக் குவிந்து கிடக்கும். அதைப் பேசிக்கொண்டே கூடை கூடையாகப் பிரிக்கிற கை அவளுடையது. படிக்கத் தெரியாதே தவிர படத்தைப் பார்க்கத் தெரிந்தது. பஞ்சநாதன் ஒரு படத்தை எடுத்து வைத்து ஒவ்வொரு எலும்பாகத் தேடினான். அவளோ முதலில் எலும்புகளை மட்டும் தரையில் பரப்பினாள். வலது காலை ஒரு பக்கம், இடது காலை ஒரு பக்கம். முழுசு தனி, உடைந்தது தனி. கன்றின் எலும்பு தனி. அப்புறம் படத்தைக் காட்டினால் நேராகக் குவியலுக்குப் போய் எடுத்துக்கொண்டு வந்தாள்.

"எப்டிக்கா?"

"சென்னாகுனியையும் நெத்திலியையும் பிரிக்கிறதவுட இது செரமமா?"

கிடைத்த ஒவ்வொன்றிலும் எண் எழுதிய காகிதத்தை நூலால் கட்டினான். மையைத் தொடவில்லை. மதாம் பார்க்காமல் எழுதுவதில்லை என்று முடிவு செய்திருந்தான். வெள்ளி, சனி, ஞாயிறு மூன்று நாளில் எண்பது ஆனது. மழை பெய்தது, விட்டது, மறுபடி பெய்தது. ஒழுகும் இடத்துக்குக் கீழே குஞ்சம்மாள் அண்டாவை வைத்தாள்.

சிக்கல் திங்கட்கிழமை சாயங்காலம் வந்தது. அவன் ஆபீசிலிருந்து வந்தபோது, உடைந்த எலும்புக் குவியலிலிருந்து இரண்டை எடுத்துக் குஞ்சம்மாள் தனியாக வைத்திருந்தாள்.

"தம்பி, இது ரெண்டும் ஒண்ணு."

பின்னங்கால் எலும்பு ஒன்று. உள்ளே இருக்கும் கொழுப்பை உறிஞ்சுவதற்காக யாரோ கல்லால் அடித்து நெடுக்காகப் பிளந்தது. அவள் இரண்டு துண்டையும் சேர்த்துப் பிடித்தாள். பற்கள் கடித்ததுபோல் பொருந்திக்கொண்டன. ஒரு கையை எடுத்தபோதுகூடப் பிரிந்து விழவில்லை.

பஞ்சநாதன் மகிழ்ச்சியோடு படங்களைத் தேடினான். ஒரு துண்டின் படம் முதல் காகிதக் கட்டிலேயே கிடைத்தது. '1-22'. இன்னொன்று கடைசிக் கட்டுக்குள் இருந்தது. '3-9'.

முதல் அடுப்பு. மூன்றாவது அடுப்பு. ஒரே எலும்பு எப்படி இரண்டு அடுப்பில் கிடக்கும்? பதினைந்து கஜம் தள்ளி இருந்த அடுப்பு. அப்படியென்றால் படத்தோடு எலும்பைப் பொருத்தியதில் எங்கோ தப்பு நடந்திருக்கிறது. ஒன்றில் தப்பென்றால் மற்ற எண்பதிலும் தப்பு இருக்கலாம். நான்கு நாள் வேலை மொத்தமும் கண்முன்னால் இடிந்து விழுவதுபோல் இருந்தது.

"இல்ல தம்பி, ஒண்ணுதான்," என்றாள் குஞ்சம்மாள், அவன் முகத்தைப் பார்த்து. "நான் எதுவும் பண்ணல. அதுவா சேருது."

அவன் எலும்புகளை ஒதுக்கினான். எலும்பே வேண்டாம், படத்தை மட்டும் பார்ப்போம் என்று தோன்றியது. படங்கள் ஜூலையில் வரைந்தவை. அப்போது எண்கள் எல்லாம் எலும்பிலேயே இருந்தன, குழப்பத்துக்கு இடமே இல்லை. '1-22' படத்தின் உடைந்த ஓரத்தை டிரேசிங் தாளில் பென்சிலால் எடுத்தான். அந்தத் தாளை '3-9' படத்தின் ஓரத்தில் வைத்து மெல்ல நகர்த்தினான். மேட்டுக்கு நேராகப் பள்ளம், பள்ளத்துக்கு நேராக மேடு. நடுவில் ஒரு கீறல் ஒரு படத்தில் தொடங்கி அடுத்த படத்தில் முடிந்தது.

தப்பு எதுவும் நடக்கவில்லை. ஜூலையிலேயே இரண்டையும் அவனே வரைந்திருக்கிறான், சில வார இடைவெளியில். வேறு வேறு எண் என்பதால் பக்கத்தில் வைத்துப் பார்க்கவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. எத்தியென் பெர்த்தியேவுக்கும் தோன்றவில்லை, மதாமுக்கும் தோன்றவில்லை.

நாற்காலியில் சாய்ந்து இரண்டு கையாலும் முகத்தைத் துடைத்துக்கொண்டான். "சரியா இருக்குக்கா. எல்லாம் சரியாத்தான் இருக்கு."

"நான்தான் சொன்னேனே," என்றாள் அவள். காப்பி போட எழுந்தாள்.

வரைபடமே இல்லாத முப்பத்தைந்து எலும்புகள் பாக்கி. அவற்றுக்கு எத்தியெனின் பதிவு நோட்டுத்தான் கதி. சின்னச்சின்ன எழுத்தில் அந்த மனிதர் ஒவ்வொரு எலும்புக்கும் வலது, இடது, நீளம், அகலம் என்று மில்லிமீட்டர் கணக்கில் எழுதி வைத்திருந்தார். பஞ்சநாதன் கவராயத்தால் அளந்து அளந்து நோட்டில் தேடினான். செத்துப்போன ஒரு ஆள் பக்கத்தில் உட்கார்ந்து உதவி செய்வதுபோல இருந்தது. முப்பத்தொன்று அகப்பட்டன. மீதி நாலு மட்டும் நீளத்தில் ஒன்றுக்கொன்று அச்சாக இருந்தன. எவ்வளவு பார்த்தும் எது எந்த அடுப்பு என்று சொல்ல முடியவில்லை. அவற்றை எண் கட்டாமல் ஒரு சிகரெட் அட்டைப் பெட்டியில் பஞ்சு வைத்துத் தனியாக வைத்தான்.

மதாம் வந்த ரயில் விழுப்புரத்திலிருந்து ஒரு மணி நேரம் தாமதம். பஞ்சநாதன் ஸ்டேஷனில் நடந்துகொண்டே இருந்தான். வீட்டுக்குப் போய்ச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று மனசு சொல்லிக்கொண்டே இருந்தது. அவர் இறங்கினார். புதுக் கண்ணாடி. அதன் வழியாக அவனைப் பார்த்துச் சிரித்து, "முசே பஞ்சநாதன், உங்கள் மூக்கில் ஒரு மச்சம் இருப்பது எனக்கு இதுவரை தெரியாது," என்று பிரெஞ்சில் சொன்னார்.

"மதாம், ஒரு தப்பு நடந்துவிட்டது," என்று அவனும் பிரெஞ்சில் சொல்லத் தொடங்கினான். நிறுத்தினால் தைரியம் போய்விடும் என்று முழுவதையும் ஒரே மூச்சில் சொன்னான். நீல மை, பூசாத வார்னிஷ், ஒழுகிய கூரை, கழுவியது. குஞ்சம்மாள்மேல் தப்பில்லை, அவளிடம் நான் சொல்லவில்லை என்பதை இரண்டு தடவை சொன்னான்.

மதாமின் சிரிப்பு மறைந்தது. "வீட்டுக்குப் போவோம்," என்றார். ரிக்‌ஷாவில் ஏறி உட்கார்ந்தார். மடியில் கைப்பையை இறுகப் பிடித்திருந்தார். பின்னால் சைக்கிளில் வந்த பஞ்சநாதனுக்கு, அவருடைய நரைத்த கொண்டை மட்டும் தெரிந்தது. ஸ்டேஷனிலிருந்து வீடு அத்தனை தூரம் என்று அவன் நினைத்ததே இல்லை.

செருப்பைக்கூடக் கழற்றாமல் மதாம் மாடிக்கு ஏறினார். ஜன்னலோரம் உட்கார்ந்து பூதக்கண்ணாடியை எடுத்தார். தட்டிலிருந்து தன் இஷ்டத்துக்கு ஒன்றை எடுத்து, கட்டியிருந்த எண்ணைப் பார்த்து, அந்தப் படத்தைக் கேட்டார். பார்த்தார். வைத்தார். இன்னொன்று. இன்னொன்று. கதவருகே குஞ்சம்மாள் நின்றாள். அவள் உதடு மட்டும் அசைந்தது, மாரியம்மாவை வேண்டிக்கொண்டிருந்தாள். இருபத்தைந்து எலும்பு பார்த்து முடிக்க ஒரு மணி நேரம் ஆனது.

பூதக்கண்ணாடியைக் கீழே வைத்தார் மதாம். "இருபத்தைந்தும் சரி."

பஞ்சநாதன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டான்.

"தெரியாதவை எத்தனை?"

"நாலு, மதாம்." சிகரெட் பெட்டியைத் திறந்து காட்டினான்.

"நாலா?" மதாம் அவனை நிமிர்ந்து பார்த்தார். "நாலே நாலா? ஸ்டேஷனிலிருந்து இதுவரை நான் நூற்றுப்பதினெட்டுக்கும் அழுதுகொண்டு வந்தேன்." சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு நிற்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். "எத்தியென் ஒரு தடவை ஒரு கூடை முழுவதையும் ஆற்றில் கவிழ்த்துவிட்டார். பதினோரு எலும்பு போனது போனதுதான். நோட்டில் பாருங்கள், எழுதியே இருப்பார். நாலு போனால் ஒன்றும் குடிமுழுகிவிடாது."

குஞ்சம்மாளுக்குப் பிரெஞ்சு புரியாது. ஆனால் சிரிப்பு புரிந்தது. "யம்மா!" என்று சொல்லிக்கொண்டே வாசற்படியில் உட்கார்ந்தாள்.

அப்புறம்தான் பஞ்சநாதன் அந்த இரண்டு துண்டையும் எடுத்து வைத்தான். டிரேசிங் தாளையும் வைத்தான். மதாம் எண்ணைப் படித்தார். துண்டுகளைச் சேர்த்தார். பிரித்தார். மறுபடி சேர்த்தார்.

"மூன்று அடுப்பும் ஒரே சமயத்தில் எரிந்தவை என்று எத்தியென் சொன்னார்," என்றார் மெதுவாக. "ஒரே ஜனம், ஒரே கூடாரக் கூட்டம், ஒரே இலையுதிர் காலம். மான் ஆற்றைக் கடக்கும்வரை ஒன்றாகக் காத்திருந்தார்கள் என்றார். அவருடைய புரொபசர் ஒத்துக்கொள்ளவில்லை. மூன்று அடுப்பு மூன்று வெவ்வேறு வருஷமாக இருக்கலாம், ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்திருக்கவே மாட்டார்கள், ஆதாரம் எங்கே என்றார். எத்தியெனிடம் ஆதாரம் இல்லை. அறிக்கையில் நானும் 'சொல்வதற்கில்லை' என்றுதான் எழுதி வைத்திருக்கிறேன்."

"இப்போது?"

"ஒரே மான். ஒரு அடி. பாதி இந்த அடுப்புக்கு, பாதி அந்த அடுப்புக்கு." இரண்டு துண்டையும் மேசைமேல் சேர்த்து வைத்தார். "அவர் சொன்னது சரி."

மதாம் குஞ்சம்மாளைக் கூப்பிட்டார். தனக்குத் தெரிந்த தமிழில், "குஞ்சம்மா, இது நீ பாத்ததா? ஏன் ரெண்டு வீட்டில் ஒரு காலு?" என்று கேட்டார்.

"பங்கு போட்டிருப்பாங்க மதாம். ஒரு வீட்டுக்காரன் அடிச்சா மத்த வீடு பட்டினியா கெடக்குமா? எங்க கரையிலயும் வலை இழுக்க வராத வீட்டுக்குக்கூட கொழம்புக்கு மீனு போவும்."

பஞ்சநாதன் அதைப் பிரெஞ்சில் சொன்னான். மதாம் எழுந்து போய்க் குஞ்சம்மாளின் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தார். குஞ்சம்மாள் வெட்கத்தில் முகத்தை மூடிக்கொண்டாள்.

"ஆனால் ஒன்று போதாது," என்றார் மதாம் உடனேயே, பழைய வாத்தியார் குரலில். "ஒன்று என்றால் நாய் தூக்கிக்கொண்டு போனது என்பார்கள். எண்ணை மறந்துவிட்டு எல்லாத் தட்டையும் பார்க்க வேண்டும்."

டிசம்பர் முழுவதும் மூன்று பேரும் தரையில் உட்கார்ந்து பார்த்தார்கள். மதாமின் புதுக்கண்ணும், பஞ்சநாதனின் படங்களும், குஞ்சம்மாளின் கையும் சேர்ந்து இன்னும் இரண்டு ஜோடியைக் கண்டுபிடித்தன. ஒன்று முதல் அடுப்புக்கும் இரண்டாவதுக்கும் நடுவே, ஒன்று இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் நடுவே. இரண்டாவது ஜோடியைக் கண்டுபிடித்த அன்று குஞ்சம்மாள் வஞ்சிரம் வாங்கிக் குழம்பு வைத்தாள். பஞ்சநாதன் மதாம் வீட்டில் அதுவரை தண்ணீரும் காப்பியும் தவிர எதுவும் தொட்டதில்லை. அன்று உட்கார்ந்து சாப்பிட்டான். இரண்டாம் தடவை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டான்.

அறிக்கையில் அந்தப் பகுதியை மதாம் திருப்பி எழுதினார். மூன்று அடுப்பையும் கோடு போட்டு இணைத்துப் பஞ்சநாதன் ஒரு படம் வரைந்தான். மியூசியத்துக்காரர்கள் அதைப் பெரிதாக, ஒரு முழுப் பக்கத்தில் போடப்போவதாகக் கடிதம் எழுதினார்கள். அடிக்குறிப்பில் இரண்டு பெயர் இருந்தது. குஞ்சம்மாளின் பெயரை எழுத்துக்கூட்டிக் கேட்டு மதாமே எழுதியிருந்தார். அதைப் படித்துக் காட்டியபோது குஞ்சம்மாள், "பாரீசுல என் பேரை இன்னான்னு கூப்புடுவாங்க?" என்று கேட்டாள். மதாம் சொல்லிக் காட்டினார். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

அந்த நாலு எலும்பும் நாலாகவே போயின. அவற்றின் பெட்டிமேல் 'இடம் தெரியாதவை' என்று பஞ்சநாதன் எழுதினான்.

ஐம்பத்தெட்டு பிப்ரவரியில் பெட்டிகளை மெட்ராசுக்குக் கொண்டுபோக லாரி வந்தது. கஸ்டம்ஸ் காகிதங்கள் சரியாக இருந்தன. டிரைவர் எட்டிப் பார்த்து, "எல்லாம் எலும்பா? இதுக்கா இவ்ளோ வைக்கோல்?" என்று கேட்டான். பஞ்சநாதன் ஒவ்வொரு பெட்டியின் கயிற்றையும் இழுத்துப் பார்த்தான். லாரி தெருமுனையில் திரும்பியது. மதாம் பெருமூச்சு விட்டார். இருபது வருஷமாகத் தூக்கிச் சுமந்ததை இறக்கி வைத்த மூச்சு அது.

"இன்றைக்கு வேலை இல்லை, முசே பஞ்சநாதன். வீட்டுக்குப் போங்கள்."

அவன் சைக்கிளை மிதித்து உழவர்கரைக்குப் போனான். வழியெல்லாம் நெல் அறுத்துப் போட்டிருந்தார்கள். வீட்டில் அம்மா என்ன இந்நேரத்துக்கு வந்துவிட்டாய் என்று கேட்டாள். சும்மாதான் என்று சொல்லிவிட்டு, சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டி, கட்டிலில் நீட்டி நிமிர்ந்து படுத்தான். பட்டப்பகலில் படுத்தவன் சாயங்காலம் மாடு கத்தும்வரை எழுந்திருக்கவில்லை.